ஆலன் பாண்டின் சேபர் எஞ்சின்: கம்பெனி மூடியபின் மிச்சம் என்ன?

கேள்வி: ஆலன் பாண்ட் உருவாக்கிய சேபர் எஞ்சின் உண்மையிலேயே பெரிய கண்டுபிடிப்பா, வெறும் விளம்பரமா? முப்பது வருஷத்துக்கு மேல் வேலை செய்தும் ஒரு விமானம்கூடப் பறக்கவில்லை, கம்பெனியையும் மூடிவிட்டார்களே?

பதில்:

சேபர் என்பது காற்றைச் சுவாசித்துக் கிளம்பி, மேலே போனதும் ராக்கெட்டாக மாறி, விமானத்தைச் சுற்றுப்பாதைக்கே கொண்டுபோக நினைத்த எஞ்சின். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் ராக்கெட் ஆள் இல்லை. ஹீட் எக்ஸ்சேஞ்சர் வடிவமைப்பதுதான் என் பிழைப்பு. சூடான ஒன்றிடமிருந்து குளிர்ந்த ஒன்றுக்கு வெப்பத்தைக் கடத்திவிடும் குழாய்க் கட்டுகள். அதனால் என் பதில் கொஞ்சம் ஒரு பக்கமாகச் சாய்ந்துதான் இருக்கும். சேபரைப் பற்றி எழுதுகிறவர்கள் கறுப்பாக, நீளமாக ஒரு விமானத்தின் படத்தைப் போட்டுத் தொடங்குவார்கள். நான் குழாயைப் பற்றிப் பேசப்போகிறேன்.

சுருக்கமாகக் கேட்டால்: அந்த விமானம் சொன்னபடி பறந்திருக்குமா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. எஞ்சினின் வாயிலேயே உட்கார்ந்திருக்கும் குளிர்விப்பான் மட்டும் அசல் சரக்கு.

பாண்ட் 1944ல் பிறந்த ஆங்கிலேயர். ரோல்ஸ் ராய்ஸின் ராக்கெட் பிரிவில் ப்ளூ ஸ்ட்ரீக் ஏவுகணைக்கான எஞ்சினில் வேலை பார்த்தவர். பிரிட்டன் ராக்கெட்டைக் கைவிட்டதும் ஆக்ஸ்ஃபோர்டுக்குப் பக்கத்தில் கல்ஹம் ஆய்வகத்தில் அணுக்கரு இணைவு ஆராய்ச்சிக்குப் போனார். 1973 முதல் 1978 வரை ஓய்வு நேரத்தில் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு டீடலஸ் என்ற திட்டத்தைத் தலைமை தாங்கி நடத்தினார். ஆளில்லாத விண்கலம் ஒன்றை ஒளியின் வேகத்தில் 12 சதவீதத்துக்குக் கொண்டுபோய், 50 வருஷத்தில் பர்னார்டு நட்சத்திரத்தைத் தாண்டச் செய்ய முடியுமா என்று காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்த திட்டம் அது. கலத்தின் எடை 54,000 டன், அதில் 50,000 டன் எரிபொருள். அதற்கு வேண்டிய ஹீலியம்-3ஐ வியாழன் கோளின் வளிமண்டலத்தில் போய் எடுத்துவர வேண்டும் என்று எழுதினார்கள். சிரிப்பு வரலாம். ஆனால் எண்ணை எழுதி அதன் முகத்தைப் பார்க்கிற பழக்கம் அந்த ஆளுக்கு இருந்தது. சேபரும் அப்படி ஒரு எண்ணிலிருந்துதான் வந்தது.

அந்த எண்ணை நீங்களே போட்டுப் பார்க்கலாம். உயரத்தில் வெளிக்காற்று மைனஸ் 53 டிகிரி, அதாவது 220 கெல்வின் என்று வையுங்கள். வேகமாகப் பறக்கும் விமானத்தின் வாய்க்குள் நுழையும் காற்று நின்று நிதானிக்கும்போது அதன் வேகம் முழுவதும் சூடாக மாறும். எவ்வளவு சூடு? மாக் எண்ணை (ஒலியின் வேகத்தைப்போல் எத்தனை மடங்கு என்பதை) வர்க்கப்படுத்தி, ஐந்தால் வகுத்து, ஒன்றைக் கூட்டி, 220ஆல் பெருக்குங்கள். மாக் 5க்கு 25ஐ 5ஆல் வகுத்தால் 5, ஒன்று கூட்டினால் 6. 220 × 6 = 1,320 கெல்வின். செல்சியஸில் ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. இன்னும் எரிபொருளைப் பற்றவைக்கவே இல்லை, கவனியுங்கள்.

சாதாரண ஜெட் எஞ்சின் இந்தக் காற்றை வாங்கி கம்ப்ரஸரில் அழுத்த வேண்டும். காற்றை அழுத்த ஆகும் வேலை, உள்ளே வரும் காற்றின் கெல்வின் வெப்பநிலைக்கு நேர் விகிதம். காற்று ஏற்கெனவே 1,320 கெல்வின் என்றால் கம்ப்ரஸருக்கு மூச்சு முட்டும், பிளேடு உருகும். எஸ்ஆர்-71 உளவு விமானம் மாக் 3.2ல் பறந்தபோது கம்ப்ரஸர் வாயில் 427 டிகிரி வரைதான் அனுமதி. அதற்கு மேல் வேகம் வேண்டுமானால் கம்ப்ரஸரைத் தூக்கிப்போட்டுவிட்டு ராம்ஜெட், ஸ்க்ராம்ஜெட் என்று போக வேண்டும். அவை பறக்கும் வேகத்தாலேயே காற்றை அழுத்துகிறவை, அதனால் நின்ற இடத்திலிருந்து கிளம்பாது.

பாண்டின் யோசனை: காற்றைக் குளிரவைத்துவிட்டு அழுத்து. எரிபொருளாகத்தான் மைனஸ் 253 டிகிரியில் திரவ ஹைட்ரஜனைச் சுமந்துகொண்டு போகிறோமே, அந்தக் குளிரைப் பயன்படுத்தலாமே?

இதுவரை புதிது ஒன்றுமில்லை. அமெரிக்காவில் அதற்கு முன்பே இதை யோசித்தார்கள். அவர்கள் காற்றைத் திரவமாகவே ஆக்கி, பம்ப் போட்டு ராக்கெட் அறைக்குள் தள்ளப் பார்த்தார்கள். காற்றைத் திரவமாக்கும் அந்தக் கடைசிப் படியில்தான் செலவு கொள்ளை போகும். ஆவி திரவமாகும்போது விடும் மறைவெப்பம் முழுவதையும் ஹைட்ரஜன்தான் வாங்க வேண்டும். எரிக்கத் தேவையானதைவிடப் பல மடங்கு ஹைட்ரஜன் குளிரவைப்பதற்கே காலி. பாண்ட் செய்தது அந்தப் படியின் விளிம்பில் நின்றுகொண்டது. மைனஸ் 150 டிகிரி வரை குளிரவை, திரவமாக்காதே, அந்தக் குளிர்ந்த காற்றைக் கம்ப்ரஸரில் போடு. 1,320 கெல்வினுக்குப் பதிலாக 125 கெல்வின். அழுத்தும் வேலை பத்தில் ஒரு பங்கு. கேட்டால் சாதாரணமாகத் தெரியும். இந்தத் துறையில் இருபது வருஷம் இருந்தவனாகச் சொல்கிறேன், எங்கே நிறுத்துவது என்று தெரிவதுதான் கஷ்டம்.

1980களில் இது ஹோட்டால் என்ற விமானத் திட்டமாக வந்தது. பிரிட்டிஷ் அரசு எஞ்சினின் காப்புரிமையை ராணுவ ரகசியம் என்று பூட்டிவைத்தது. 1988ல் பணத்தையும் நிறுத்தியது. தன் சொந்த யோசனையைத் தானே தொட முடியாத நிலை. 1989ல் பாண்ட், ரிச்சர்ட் வார்வில், ஜான் ஸ்காட்-ஸ்காட் மூவரும் ரியாக்‌ஷன் எஞ்சின்ஸ் கம்பெனியைத் தொடங்கியபோது பழைய எஞ்சினைச் சுற்றிக்கொண்டு வேறு வழியில் போக வேண்டியிருந்தது.

அந்தச் சுற்றுவழி மூலத்தைவிட நன்றாக அமைந்துவிட்டது. ஹோட்டாலில் ஹைட்ரஜனே நேராகக் குளிர்விப்பான் குழாய்களில் ஓடும். ஹைட்ரஜன் சூடான உலோகத்துக்குள் புகுந்து அதை நொறுங்க வைக்கும் குணமுள்ளது. சேபரில் நடுவில் ஹீலியத்தைக் கொண்டுவந்தார்கள். காற்றின் சூட்டை ஹீலியம் வாங்கும். சூடான ஹீலியம் ஒரு டர்பைனைச் சுற்றும். அந்த டர்பைன் காற்றுக் கம்ப்ரஸரைச் சுற்றும். அதன்பிறகு ஹீலியம் தன் மிச்சச் சூட்டை ஹைட்ரஜனிடம் இறக்கிவிட்டு மறுபடி காற்றிடம் வரும். எஞ்சினைக் கொல்ல வந்த வெப்பமே கம்ப்ரஸரை ஓட்டுகிறது. முள்ளை முள்ளால் எடுப்பது என்பார்களே, அதை நான் எஞ்சின் வரைபடத்தில் பார்த்தது இங்கேதான்.

இனி குழாய்க்கு வருகிறேன். ஆயிரம் டிகிரிக் காற்றை மைனஸ் 150க்கு இறக்க அவர்கள் வைத்த நேரம் ஒரு விநாடியில் நூறில் ஒரு பங்கு. தொழிற்சாலையில் இவ்வளவு வெப்பத்தைக் கடத்த நாங்கள் லாரி அளவு உருளை ஒன்றைச் செய்து கான்கிரீட் மேடையில் உட்காரவைப்போம். எடையைப் பற்றி யாரும் கேட்க மாட்டார்கள். விமானத்தில் ஒவ்வொரு கிலோவுக்கும் சண்டை. குழாய் மெலிய மெலிய, அதே கன அளவுக்குள் பரப்பு கூடும், வெப்பம் கடக்கும் வேகமும் கூடும். அதனால் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைந்த விட்டமுள்ள குழாய்கள். சுவரோ தலைமுடியைவிட மெல்லியது. இன்கனல் என்ற நிக்கல் கலவை. ஆயிரக்கணக்கான குழாய்களைச் சுருள் சுருளாக வளைத்து ஒரு மத்தளம் போல அடுக்கியிருப்பார்கள். காற்று வெளிச் சுற்றிலிருந்து உள்ளே பாயும், ஹீலியம் உள்ளிருந்து சுருளின் வழியே வெளியே வரும். ஒவ்வொரு குழாய்க்கும் இரண்டு முனை, இரண்டு முனையிலும் பிரேசிங், அதாவது வேறொரு உலோகத்தை உருக்கி ஒட்டும் ஜாயிண்ட்.

அது என்ன வேலை என்று தெரிய என் கதை ஒன்று. முன்பு நான் இருந்த ஒரு இடத்தில் 180 குழாய் கொண்ட சின்ன யூனிட் ஒன்று ஹீலியம் லீக் டெஸ்டில் திரும்பத் திரும்பத் தோற்றது. மூன்று வாரம். ஒவ்வொரு ஜாயிண்ட்டாக மூடி, ஸ்ப்ரே அடித்து, மீட்டரைப் பார்த்துக் கண் பூத்துவிட்டது. கடைசியில் லீக் பிரேசிங்கில் இல்லவே இல்லை. சோதனைக்காக நாங்கள் மாட்டிய மூடியின் ரப்பர் வளையத்தில் ஒரு கீறல். 180 குழாய்க்கே இந்தப் பாடு. ஆயிரக்கணக்கான மயிரிழைக் குழாய்களை உலையில் வைத்து, ஒன்றுகூட ஒழுகாமல் எடுத்தார்கள் என்பதைப் படித்த அன்று எனக்கு வேலை ஓடவில்லை.

இதற்கு மேல் இன்னொரு எதிரி, உறைபனி. கீழ் உயரத்தில் காற்றில் ஈரம் இருக்கும். குழாய் பூஜ்ஜியத்துக்குக் கீழே போனதும் ஈரம் பனியாகப் படியும். குழாய்களுக்கு நடுவில் இருக்கும் இடைவெளியோ மில்லிமீட்டர் கணக்கு. சில விநாடிகளில் மொத்தமும் அடைத்து வெள்ளைச் சுவராகிவிடும். உங்கள் ஃப்ரீசரில் ஐஸ் கட்டுவதை ஒரு மாதத்திலிருந்து மூன்று விநாடிக்குச் சுருக்கிப் பாருங்கள். இதைத் தீர்த்துவிட்டோம் என்றார்கள், எப்படி என்று பல வருஷம் சொல்லவே இல்லை. காப்புரிமை எடுத்தால் முறையை ஊருக்கே சொல்ல வேண்டும். ஹோட்டாலில் பட்ட சூடு வேறு இருக்கிறது. நாங்கள் எல்லாம் டீ குடித்துக்கொண்டே யூகம் செய்வோம். அதிர்வு கொடுக்கிறார்களா, குழாயில் ஏதாவது பூசுகிறார்களா என்று.

2015ல் வெளியானபோது விடை மெத்தனால். பனி பிடிக்காமலிருக்கத் தெளிக்கும் ஆல்கஹால்தான், யாருக்கும் தோன்றக்கூடியது. ஆனால் ஒரே இடத்தில் மொத்தமாகத் தெளித்தால் டன் கணக்கில் சுமக்க வேண்டிவரும். அவர்கள் குளிர் அதிகமான பகுதியில் தெளித்து, அங்கே தண்ணீரோடு கலந்ததைப் பிடித்து, முன்னால் இருக்கும் குளிர் குறைந்த பகுதிக்கு மறுபடி அனுப்பினார்கள். அங்கே நீர்த்த கலவையே போதும். ஒரே மெத்தனால் காற்றுக்கு எதிர்த்திசையில் படி இறங்கி வேலை செய்கிறது. மைனஸ் நூறைத் தாண்டும்போது காற்றில் உறைவதற்கு ஈரமே மிச்சமில்லை. வேதித் தொழிற்சாலைக்காரன் தினமும் செய்கிற எதிரோட்டத் தந்திரம் இது. ஏன் எனக்குத் தோன்றவில்லை என்று இன்றுவரை எரிச்சல்.

விளம்பரமா என்று கேட்டீர்கள். 2012ல் கல்ஹமில் பழைய வைப்பர் ஜெட் எஞ்சின் ஒன்றை உறிஞ்சும் பம்ப் மாதிரி வைத்து, சாதாரணக் காற்றைக் குளிர்விப்பான் வழியாக இழுத்து மைனஸ் 150க்குக் கொண்டுபோனார்கள், பனி அடைக்காமல். ஐரோப்பிய விண்வெளி நிறுவனம் கூடவே இருந்து சரிபார்த்தது. அடுத்த வருஷம் பிரிட்டிஷ் அரசு 6 கோடி பவுண்டு தருவதாக அறிவித்தது. 2019ல் அமெரிக்காவின் கொலராடோவில், ஃபாண்டம் போர் விமானங்களில் இருந்த ஜே79 எஞ்சினின் புகையை நேராகக் குளிர்விப்பானுக்குள் விட்டார்கள். முதலில் 420 டிகிரி, மாக் 3.3க்குச் சமம். அக்டோபரில் ஆயிரம் டிகிரி, மாக் 5. இரண்டிலும் தேறியது. நான் பிடித்துக்கொள்வது இந்தச் சோதனைகளைத்தான், படங்களை இல்லை.

சரி, அப்புறம் ஏன் பறக்கவில்லை? ஸ்கைலான் என்ற அவர்களுடைய விமானம் 84 மீட்டர் நீளம், 15 டன் சுமையோடு ஒரே கட்டத்தில் சுற்றுப்பாதைக்குப் போய்த் திரும்ப வேண்டும். சுற்றுப்பாதைக்கு விநாடிக்கு 7.8 கிலோமீட்டர் வேகம் தேவை. மாக் 5 என்பது சுமார் 1.5 கிலோமீட்டர். ஆக ஐந்தில் ஒரு பங்கு வேகத்துக்குத்தான் காற்றைச் சுவாசிக்கிறது. மீதி நாலு பங்குக்கு அதே எஞ்சின் வாயை மூடிக்கொண்டு சாதாரண ராக்கெட்டாக ஓட, குளிர்விப்பான், இறக்கை, சக்கரம் எல்லாம் சும்மா சுமை. ஹைட்ரஜன் ராக்கெட்டின் எரிபொருள் எடையில் ஏழில் ஆறு பங்கு ஆக்சிஜன்தான், ஆகவே முதல் பகுதிக்கு அதைச் சுமக்காமல் காற்றிலிருந்து எடுத்தாலே மிச்சம் உண்டு. ஆனால் அந்த மிச்சத்தின் விளிம்பு மயிரிழை. கட்டும்போது எடை சில சதவீதம் கூடினால் 15 டன் சுமை ஆவியாகிவிடும். எடை கூடாமல் முடிந்த விமானத் திட்டம் ஒன்றை நான் கேள்விப்பட்டதில்லை. இதற்கிடையே 2015 டிசம்பரில் ஃபால்கன் 9 ராக்கெட்டின் முதல் கட்டம் திரும்பி வந்து நின்றது. திரும்பப் பயன்படுத்தும் ராக்கெட்டுக்கு இவ்வளவு நுட்பமான எஞ்சின் வேண்டியதில்லை என்று ஆகிவிட்டது.

ஆற்றல் துறைப் பக்கம் என்ன என்று கேட்பீர்கள். 2020ல் அம்மோனியாவை விமான எரிபொருளாக்கும் ஆய்வில் இறங்கினார்கள். எஞ்சின் புகையின் சூட்டை இதே குழாய்க் கட்டால் பிடித்து, அம்மோனியாவில் ஒரு பகுதியை ஹைட்ரஜனாக உடைத்து, கலவையை எரிப்பது. நல்ல யோசனை. பந்தயக் கார்களைக் குளிரவைக்கவும் போனார்கள். தரையில் நிற்கும் மின் நிலையத்துக்கு மட்டும் இது பெரிதாகப் போகாது என்பது என் அபிப்பிராயம். அங்கே எடைக்கு விலை இல்லை, என்னைப் போன்றவர்கள் செய்யும் தடிமனான மலிவுக் குழாயே போதும்.

2024 அக்டோபர் 31 அன்று பணம் தீர்ந்து கம்பெனி, நொடித்த கம்பெனிகளைக் கையாளும் நிர்வாகிகள் கைக்குப் போனது. 208 பேரில் 173 பேருக்கு உடனே வேலை போயிற்று. வரைபடங்களையும் காப்புரிமைகளையும் யாராவது விலைக்கு வாங்கிவிடலாம். அந்த 173 பேரில் பிரேசிங் உலைக்குப் பக்கத்தில் நின்றவர்கள் எத்தனை பேர், அவர்கள் இப்போது எங்கே இருக்கிறார்கள் என்பதுதான் செய்தியைப் படித்ததும் எனக்கு முதலில் தோன்றியது.