ராயபுரத்தார் பதில்கள்

கேள்வி: என் மகன் பி.காம். முடித்துவிட்டு, 'பாரசைட்' என்ற கொரியப் படம் மாதிரி கதை எழுதப் போகிறேன் என்று இரண்டு வருஷமாக ரூம் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். அதை எழுதியவரும் இப்படித்தான் உட்கார்ந்திருந்தாரா?
(ஒரு தாய், தண்டையார்பேட்டை)

இல்லைம்மா, அவர் வெளியே சுற்றினார். படத்தின் இயக்குநர் பாங் ஜூன் ஹோவோடு சேர்ந்து 2020இல் திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கினாரே, ஹான் ஜின் வொன், அவரைச் சொல்கிறேன். அதற்கு முன் 'ஓக்ஜா' படத்தில் பாங்கின் இயக்குநர் குழுவில் வேலை பார்த்தவர். பாங் சுமார் 15 பக்கத்துக்கு ஒரு கதைச் சுருக்கத்தைக் கொடுத்து எழுதச் சொன்னார். ஹான் பணக்கார வீடுகளில் கார் ஓட்டுகிறவர்களையும் வீட்டுவேலை செய்கிறவர்களையும் தேடிப்போய்ப் பேசினார். அப்புறம் எழுதினார், திருப்பித் திருப்பி எழுதினார். கடைசி வடிவத்தை பாங் தானே உட்கார்ந்து முடித்தார்.

படத்தில் புது டிரைவர் பென்ஸை வளைவில் திருப்புவார். பின்சீட்டில் முதலாளியின் கண் ரோட்டில் இருக்காது, கையிலிருக்கும் காபிக் கோப்பையில் இருக்கும். அலுங்குகிறதா, இல்லையா? டிரைவர்களோடு பேசிப் பழகாதவனுக்கு இது தோன்றாது என்பது என் கட்சி.

ஆஸ்கர் மேடையில் ஹான், அமெரிக்காவுக்கு ஹாலிவுட் போல் கொரியாவுக்கு சுங்முரோ உண்டு, இந்தப் பெருமை அங்குள்ள நண்பர்களுக்கும் சேரட்டும் என்றார். சுங்முரோ சியோலில் ஒரு தெரு. நமக்குக் கோடம்பாக்கம் மாதிரி.

சரி, உங்கள் பையனுக்கு வருகிறேன். ஒரு நாள் விடியற்காலை 3 மணிக்குக் காசிமேடு மீன் துறைமுகத்துக்கு அனுப்புங்கள். ஏலச் சத்தம் வேண்டாம், அதை எல்லாரும் எழுதியாகிவிட்டது. ஏலத்தில் கூடை எடுத்த அம்மா, ஈர நோட்டை முந்தானையில் ஒற்றி ஒற்றி எண்ணுவதைப் பார்க்கட்டும். மீன் தண்ணி சொட்டும் என்று ஆட்டோக்காரர் கூடைக்குத் தனியாகக் காசு கேட்பார். அந்தப் பேரத்திலேயே நாலு சீன் தேறும். நோட்டுப் புத்தகத்தை மட்டும் வெளியே எடுக்கக் கூடாது. கணக்கெடுக்க வந்த ஆள் என்று நினைத்து வாயை மூடிக்கொள்வார்கள். எனக்கு நடந்திருக்கிறது.

கேள்வி: ஒரே கதையை இரண்டு பேர் சேர்ந்து எழுதினால் சண்டை வராதா?
(வாசகர், வியாசர்பாடி)

வராமல் என்ன! ஆனால் கொரிய இயக்குநர் பார்க் சான் வூக்கும் ஜியோங் சியோ கியோங் என்ற பெண் எழுத்தாளரும் 'லேடி வெஞ்சன்ஸ்' (2005) தொடங்கி 'டிசிஷன் டு லீவ்' (2022) வரை பல படங்களைச் சேர்ந்தே எழுதியிருக்கிறார்கள். ஒரே கம்ப்யூட்டர், இரண்டு திரை, இரண்டு கீபோர்டு. ஒருவர் அடிக்கும் வரியை மற்றவர் அங்கேயே அழிக்கலாம், திருத்தலாம்.

நான் சினிமாக் கதை டிஸ்கஷனுக்குப் போன காலத்தில் லாட்ஜ் ரூமில் ஆறு பேர், ஒரே பேனா. பேனா யார் கையிலோ அவர் பெயர்தான் டைட்டிலில். கிளைமாக்ஸைச் சொல்லிவிட்டு டீ சொல்ல எழுந்து போனேன். திரும்பி வருவதற்குள் அது அவருடையதாகிவிட்டது.