என் மகனை எப்போதும் கோல்கீப்பராகவே நிற்க வைக்கிறார்கள். பயிற்சியாளரிடம் சண்டை போடலாமா?

நான் போட்டிருக்கிறேன். அதனால் பதில் சொல்ல எனக்குத் தகுதி இருக்கிறது.

நீங்கள் விவரம் எதுவும் எழுதவில்லை, ஆனால் நடந்ததை ஊகிக்க முடிகிறது. பையன் கொஞ்சம் பூசினாற்போல இருப்பான், ஓட்டம் சுமார்தான். "நீ போய் கோல்ல நில்லு" என்று அனுப்பிவிட்டார்கள். மற்ற பிள்ளைகள் ஓடியாடும்போது அவன் மட்டும் கம்பத்தடியில் புல் பிடுங்கிக்கொண்டிருப்பதைப் பார்த்து உங்களுக்கு வயிறு எரிந்திருக்கும். ஒப்புக்குச் சப்பாணியாக்கிவிட்டார்களே என்று தோன்றியிருக்கும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது.

நான் நர்ஸ். அயர்லாந்தில், டப்ளினின் வடக்குப் பக்கம் குடியிருக்கிறோம். இங்கே பிள்ளைகள் ஆடுவது கேலிக் (Gaelic) கால்பந்து. நமக்குத் தெரிந்த கால்பந்து வேறு, இது வேறு. பந்தைக் கையால் பிடிக்கலாம். நாலு எட்டுக்கு மேல் அப்படியே பிடித்துக்கொண்டு ஓடக் கூடாது, தரையில் தட்டவோ கால்நுனியால் தட்டிக் கைக்கு எடுக்கவோ வேண்டும். பெரியவர்கள் ஆட்டத்தில் அணிக்கு 15 பேர். பந்து குறுக்குக் கம்பிக்குக் கீழே வலைக்குள் போனால் கோல், அதற்கு 3 பாயின்ட். மேலே போனால் பொதுவாக 1. நாட்டிலேயே பெரிய ஆட்டம் இதுதான், ஆனால் ஆடுகிறவர் யாருக்கும் சம்பளம் கிடையாது.

2022 கோடையில், இரவு வேலை முடித்துத் தூங்காமல் மைதானத்துக்குப் போய்ப் பயிற்சியாளரைப் பிடித்தேன். அவர் பகலில் பிளம்பிங் வேலை செய்துவிட்டு மாலையில் சும்மா வந்து சொல்லிக்கொடுப்பவர். "ஓடத் தெரியாதவனைத்தானே கோலில் நிறுத்துவீர்கள்?" என்று கேட்டேன். நிறத்தைப் பார்த்து ஒதுக்குகிறார்களோ என்றும் மனதில் ஓடியது. வாயால் சொல்லவில்லை, ஆனால் ஓடியது. இதற்காக என்னைத் திட்ட நினைப்பவர்கள் முதலில் வெளியூரில் பிள்ளை வளர்த்துப் பாருங்கள்.

அவர் கோபப்படவே இல்லை. "டப்ளினில் நின்றுகொண்டு கோல்கீப்பரை மட்டம் என்கிறீர்களே, கிளக்ஸ்டன் பெயரைக் கேள்விப்பட்டதில்லையா?" என்றார். கேள்விப்பட்டதில்லை. வீட்டுக்குப் போய்த் தேடினேன்.

ஸ்டீஃபன் கிளக்ஸ்டன், பள்ளியில் அறிவியல் ஆசிரியர். 2001-இல் டப்ளின் அணிக்கு வந்தார். தொடக்கம் அப்படியொன்றும் பிரமாதம் இல்லை. 2003-இல் ஆர்மா அணியுடனான ஆட்டத்தில் எதிராளியைக் காலால் எத்திச் சிவப்பு அட்டை வாங்கினார், டப்ளின் தோற்றது. முதல் அகில அயர்லாந்துக் கோப்பை கைக்கு வரப் பத்து வருடம் ஆனது. 2011 இறுதி ஆட்டம், எதிரே கெர்ரி. கூடுதல் நிமிடங்களில் இரண்டு அணியும் சமம். டப்ளினுக்கு ஃப்ரீ கிக். அதை அடிக்கக் கோலை விட்டு வந்தவர் கோல்கீப்பர்! பந்து கம்பிக்கு மேலே போனது, 1-12க்கு 1-11 (முதல் எண் கோல், அடுத்தது பாயின்ட்) என்று டப்ளின் ஜெயித்தது. 1995-க்குப் பிறகு முதல் கோப்பை. இவர் அடித்துவிட்டு, ஏதோ மறந்துவிட்ட பொருளை எடுக்கப் போகிறவர் மாதிரி, திரும்பித் தன் கோலுக்கே போய்விட்டார். அந்தக் காட்சியை எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கில்லை.

ஆனால் இந்த ஊர்க்காரர்கள் அவரைக் கொண்டாட முக்கியக் காரணம் கிக் அவுட், அதாவது நின்ற ஆட்டத்தைக் கோல்கீப்பர் தன் கோலிலிருந்து அடித்துத் திரும்பத் தொடங்குவது. முன்பெல்லாம் கோல்கீப்பரின் வேலை பந்தை நடுமைதானம் வரை ஓங்கி அடிப்பது. அங்கே நாலு பேர் எம்பிக் குதிப்பார்கள், கிடைத்தவனுக்கு லாபம். கிளக்ஸ்டன் அதைக் குருட்டு அதிர்ஷ்டத்துக்கு விடவில்லை. தன் ஆள் எந்தப் பக்கம் ஓடப் போகிறான் என்று பார்த்து அவன் மார்புக்குப் போட்டார். அல்லது பக்கத்தில் நிற்கும் தடுப்பாட்டக்காரருக்குச் சின்னதாகத் தள்ளினார். பந்து கைவிட்டுப் போகவில்லை என்றால் எதிராளி எப்படி அடிப்பான்? தாக்குதலே கோலிலிருந்து தொடங்கியது. 2015 முதல் 2020 வரை தொடர்ந்து ஆறு கோப்பை, ஆறிலும் இவர்தான் கேப்டன். 2019-இல் நாட்டின் சிறந்த வீரர் விருதும் வந்தது. அதற்கு முன் எந்தக் கோல்கீப்பருக்கும் அது கிடைத்ததில்லை.

(அந்த ஆறில் ஐந்து கோப்பைகளின்போது மேலாளராக இருந்தவர் ஜிம் கேவின். பின்னாளில் விதிகளைத் திருத்திய குழுவுக்கும் அவர்தான் தலைவர். 2025 முதல் கிக் அவுட், கோலிலிருந்து 40 மீட்டரில் போட்ட வளைகோட்டைத் தாண்டியே ஆக வேண்டும். தன் கோல்கீப்பர் திறந்த கதவை அவரே சாத்தியது எனக்கு இன்னும் சிரிப்பாக இருக்கிறது.)

இதையெல்லாம் ஊரில் சொன்னால் முதல் கேள்வி, "காசு கிடையாதா? அப்புறம் எதுக்கு?" இரண்டாவது, "லண்டன்ல இப்ப குளிரா?" அயர்லாந்து தனி நாடு, இங்கே யூரோ, பவுண்டு இல்லை என்று பன்னிரண்டு வருடமாகச் சொல்கிறேன். போன தீபாவளிக்கு என் நாத்தனார் முறுக்குப் பார்சலில் நாடு என்ற இடத்தில் இங்கிலாந்து என்று எழுதி, அது எங்கெங்கோ சுற்றி, பொங்கல் முடிந்து தூளாக வந்தது. சரி, விடுங்கள்.

நான் இதையெல்லாம் தேடிப் படித்த நேரத்தில் கிளக்ஸ்டன் ஆடவே இல்லை. 2020 கோப்பைக்குப் பிறகு காணோம். ஓய்வு என்று ஓர் அறிக்கை கூட இல்லை, பேட்டி என்றாலே ஆகாதவர். 2023 மார்ச்சில் லௌத் அணியுடனான ஆட்டத்தில் மாற்று வீரர் வரிசையில் திடீரென்று உட்கார்ந்திருந்தார். ஜூலை இறுதி ஆட்டத்தில் 41 வயதில் கோலில் நின்றார், டப்ளின் கெர்ரியை ஜெயித்தது. அவருக்கு ஒன்பதாவது பதக்கம். அதுவரை யாரும் எட்டைத் தாண்டியதில்லை, அன்று அவருடன் அணித்தோழர்கள் இருவரும் தாண்டினார்கள்.

"கால்பந்தில் இதைவிடப் பெரிய கோல்கீப்பர்கள் இல்லையா" என்று கீழே எழுத வருபவர்களே, இருக்கிறார்கள். அவர்கள் திங்கள்கிழமை காலை பள்ளிக்கூடம் போய்ப் பாடம் எடுக்கவில்லை, அவ்வளவுதான்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். பயிற்சியாளரிடம் பேசுங்கள், ஆனால் முதலில் பையனிடம் கேளுங்கள். நான் கேட்கவில்லை. சண்டை போட்டுவிட்டு வந்த பிறகுதான் என் மகன் "எனக்கு அங்கே நிற்பது பிடிக்கும், எல்லாம் தெரியும்" என்றான்.

அந்த இறுதி ஆட்டத்துக்கப்புறம் பின்வாசலில் வாளியைக் கவிழ்த்துவைத்து அதைக் குறிபார்த்து உதைத்துப் பழகினான். செப்டம்பரில் ஓர் ஆட்டம். இரண்டு பாயின்ட் முன்னிலை, கடைசி நிமிடம். ஓங்கி அடிக்காமல் மூலையில் நின்ற பையனுக்குச் சின்னதாகத் தள்ளினான். எதிரணிப் பையன் நடுவில் புகுந்து பிடித்து நேரே கோல். தோற்றோம். காரில் வீடு வரும்வரை நான் வாயை மூடவில்லை.

அடுத்த ஞாயிறு முதல் கிக் அவுட். ஓரத்தில் நின்ற அப்பாக்கள் எல்லாம் நீளமாக அடி, நீளமாக அடி என்று கத்தினார்கள். நானும் "தூக்கி அடிடா!" என்று தமிழில் கத்தினேன். அங்கே அது புரிகிற ஒரே ஆள் அவன்தான். என் பக்கம் ஒரு தடவை பார்த்தான். பந்தை வைத்தான். மூலையில் அதே பையனுக்குத் தள்ளினான்.