புடவைக்குப் பஞ்சம் வந்த காலம்

கேள்வி: போர்க்காலத்தில் பர்மாவிலேயே தங்கிவிட்ட நம் பெண்கள் எப்படிக் குடும்பம் நடத்தினார்கள்? (வாசகி, மோல்மீன்)

பதில்: 1941 டிசம்பர் 23 அன்று ரங்கூனில் ஜப்பானியரின் குண்டு விழுந்த பிறகு இந்தியாவுக்கு நடந்தவர்களின் கதையைப் பேசும் அளவுக்கு, தங்கியவர்களின் கதையை நாம் பேசுவதில்லை. அரிசி ஏற்றுமதி நின்றதால் பர்மாவின் ஐராவதி டெல்டாவில் நெல் தேங்கிக் கிடக்க, வெளியிலிருந்து வந்துகொண்டிருந்த துணிக்குத்தான் கடும் பஞ்சம் ஏற்பட்டது. ஒரே புடவையை இரண்டாகக் கிழித்து நாத்தனாரோடு பகிர்ந்துகொண்டதையும், கோணிப்பையிலிருந்து உருவிய நூலால் கிழிசலைத் தைத்ததையும் என் பாட்டி சொல்லக் கேட்டிருக்கிறேன். (சணல் நூல் துணியை அறுத்துவிடும் என்பது அவருடைய தீராத புகார்.) 1945இல் ஆங்கிலேயர் திரும்பியதும் பர்மாவைப் பிடித்திருந்த ஜப்பானியர் வெளியிட்ட நோட்டுகள் செல்லாமல் போயின; அரிசிப் பானைக்குள் ஒளித்து வைத்திருந்த நோட்டுக்கட்டை எடுத்துப் பாட்டி அடுப்பு மூட்டினார்.