சுழலும் நிலையத்தில் எடை – கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

விண்வெளி நிலையத்தில் தங்குபவர்களுக்கு எலும்பு தேய்வதைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். எனக்கு நெடுநாளாக ஒரு சந்தேகம். ஒரு வாளியில் தண்ணீர் நிரப்பித் தலைக்கு மேல் வேகமாகச் சுழற்றினால் சொட்டுக்கூடக் கொட்டாது என்று பள்ளியில் செய்து காட்டினார்கள். அதே மாதிரி விண்கலத்தைச் சுற்றவிட்டால் உள்ளே இருப்பவர்கள் தரையில் நிற்பதுபோல நிற்கலாமே? இப்போது இருக்கிற சர்வதேச விண்வெளி நிலையத்தையே லேசாகச் சுற்றிவிட்டால் போதாதா? இவ்வளவு எளிய விஷயத்தை ஏன் இன்னும் செய்யவில்லை? பணம்தான் காரணமா? ஏழாம் வகுப்புப் படிக்கும் என் மகளும் ஒன்று கேட்கச் சொன்னாள்: அந்த மாதிரி நிலையத்தில் பந்து விளையாட முடியுமா?

இளங்கோ

அன்புள்ள இளங்கோ,

உங்கள் கேள்வியைவிட மகளின் கேள்வி நல்ல கேள்வி. அதற்குக் கணக்குப் போட வேண்டியிருப்பதால் கடைசியில் வருகிறேன்.

நிலையத்தை லேசாகச் சுற்றிவிடுவது என்றீர்கள். அது ஒருமுறை தானாகவே நடந்தது. 2021 ஜூலை 29 அன்று ரஷ்யாவின் நௌகா என்ற புதிய பகுதி நிலையத்தோடு இணைந்தது. சில மணி நேரம் கழித்து அதன் உந்திகள், யாரும் கட்டளையிடாமலே, எரியத் தொடங்கின. மொத்த நிலையமும் ஒன்றரைச் சுற்று திரும்பிவிட்டுத்தான் அடங்கியது. வேகம் நொடிக்கு ஏறக்குறைய அரைப் பாகை. உள்ளே இருந்த 7 பேரும் அசைவை உணரவில்லை என்று நாசா சொன்னது. உணர்ந்திருக்கவும் முடியாது. அந்த வேகத்தில், சுழற்சி மையத்திலிருந்து 50 மீட்டர் தள்ளி 70 கிலோ ஆள் ஒருவர் நின்றால் அவர் எடை 30 கிராம்கூட வராது. அதே இடத்தில் முழு எடை வேண்டுமென்றால் நிமிடத்துக்கு நான்கு சுற்றுக்கு மேல் சுற்ற வேண்டும். அப்படிச் சுற்றினால் முதலில் பிய்ந்துகொண்டு போவது சூரியத் தகடுகளாகத்தான் இருக்கும். தவிர, எடையற்ற நிலையில் ஆய்வு செய்யத்தானே அந்த நிலையத்தையே கட்டினார்கள்?

இடையில் ஒரு விஷயம். அங்கே ஈர்ப்பு இல்லை என்று பலரும் நினைக்கிறார்கள். 400 கிலோமீட்டர் உயரத்தில் புவியீர்ப்பு தரையில் இருப்பதில் கிட்டத்தட்ட 90 சதவீதம். நிலையமும் ஆட்களும் சேர்ந்தே பூமியைச் சுற்றி விழுந்துகொண்டிருப்பதால் யாரையும் தரை தாங்குவதில்லை. தாங்கும் தரை ஒன்றை உண்டாக்கித் தருவதுதான் சுழற்சியின் வேலை.

மனிதர்கள் ஏறிய கலத்தைச் சுழற்றிப் பார்த்த ஒரு சோதனையும் உண்டு. நீங்கள் சொன்ன வாளிக் கணக்குதான். 1966 செப்டம்பரில் அமெரிக்காவின் ஜெமினி 11 கலத்தில் பீட் கான்ராட், ரிச்சர்ட் கோர்டன் இருவரும் போனார்கள். அஜீனா என்ற ஆளில்லாத கலத்தோடு இணைந்தபிறகு, இரண்டையும் 30 மீட்டர் டாக்ரான் நாடாவால் கட்டிச் சுற்றுவது திட்டம். நாடாவைக் கட்ட கோர்டன் வெளியே போக வேண்டியிருந்தது. பிடிமானம் இல்லாத இடத்தில் முடிச்சுப் போடுவது தரையில் ஒத்திகை பார்த்தபோது தெரியாத பெரும்பாடு. கலத்தின் மூக்கின்மேல் இருபுறமும் கால் போட்டு உட்கார்ந்து, ஒருவழியாகக் கட்டி முடிப்பதற்குள் வியர்வை கண்ணை மறைத்துவிட்டது. துடைக்க முடியாதே, தலையில் கவசம். கான்ராட் அவரை உள்ளே கூப்பிட்டுக்கொண்டார். நீண்ட நேரம் திட்டமிட்டிருந்த அந்த வெளிநடை 33 நிமிடத்தில் முடிந்தது.

அப்புறம் கலங்களைப் பிரித்து, நாடாவை இழுத்துச் சுற்றவிட்டார்கள். நாடா விறைப்பாக நிற்கவில்லை, வில்லாக வளைந்துகொண்டு அடம்பிடித்தது. ஓரளவு அடங்கியதும் ஒரு கேமராவைக் கருவிப் பலகையருகே வைத்துக் கையை விட்டார்கள். அது மெதுவாக, நேர்கோட்டில், கலத்தின் பின்பக்கம் நோக்கிப் போனது. கிடைத்தது புவியீர்ப்பில் பத்தாயிரத்தில் ஒன்றிரண்டு பங்கு. ஆட்களுக்கு எதுவும் தெரியவில்லை, கேமராவுக்குத் தெரிந்தது. ஆட்களோடு ஒரு கலத்தை ஈர்ப்புக்காகச் சுற்றிப் பார்த்தது அதோடு நின்றது.

கலத்தை எந்த அச்சில் சுற்றுகிறோம் என்பதும் முக்கியம். அமெரிக்காவின் முதல் செயற்கைக்கோள் எக்ஸ்ப்ளோரர் 1, 1958இல் தன் நீள அச்சைச் சுற்றிச் சுழலும்படி ஏவப்பட்டது. அதன் வளையும் ஆன்டெனாக்கள் ஆடி ஆடி ஆற்றலைத் தின்றதில், கோள் தலைகீழாகக் குட்டிக்கரணம் அடிக்க ஆரம்பித்துவிட்டது. நீண்டு ஒல்லியான கலத்தை நீள அச்சில் சுற்றி அதில் ஆட்களைக் குடிவைக்கக் கூடாது என்பது அன்றைக்கே கிடைத்த பாடம். சக்கர வடிவம் ஏன் விரும்பப்படுகிறது என்றால் அது இயல்பாகவே தன் அச்சில் நிற்கும்.

சரி, சக்கரம் எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும்? நிமிடத்துக்கு ஒரு சுற்றில் பூமியின் எடை வேண்டுமானால் ஆரம் கிட்டத்தட்ட 900 மீட்டர். இரண்டு சுற்றானால் 224 மீட்டர், நாலு சுற்றானால் 56 மீட்டர் போதும். வேகத்தை இரட்டித்தால் ஆரம் கால்பங்காகிறது. பிறகு ஏன் பத்து சுற்று சுற்றி, ஒரு வீட்டளவு சக்கரத்தோடு முடித்துக்கொள்ளக் கூடாது?

காது விடாது. உட்செவியில் இருக்கும் மூன்று அரைவட்டக் குழல்களில் உள்ள திரவம்தான் தலை எந்தப் பக்கம் திரும்புகிறது என்று மூளைக்குச் சொல்கிறது. சுழலும் அறையில் உட்கார்ந்துகொண்டு நீங்கள் தலையைக் குனிந்து கீழே கிடக்கும் பேனாவை எடுத்தால், காது நீங்கள் பக்கவாட்டில் உருள்வதாகச் செய்தி அனுப்பும். கண்ணோ அறை அசையாமல் இருப்பதாகச் சொல்லும். வாந்திதான். 1950களின் கடைசியிலிருந்து ஃப்ளோரிடாவின் பென்சகோலாவில், ஆஷ்டன் கிரேபியல் என்ற கடற்படை மருத்துவர் 15 அடி அகலமுள்ள சுழலும் அறையில் ஆட்களை நாள்கணக்கில் வாழவைத்து இதை ஆராய்ந்தார். நிமிடத்துக்கு ஒரு சுற்றில் அநேகமாக யாருக்கும் தொல்லையில்லை. மூன்று நான்கு சுற்றில் சில நாளில் பழகிக்கொண்டார்கள். பத்து சுற்றில் முதல் நாட்கள் நரகம். ஆனால் படிப்படியாக ஏற்றினால் பத்தையும் பழக்கலாம் என்று பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் பிற்பாடு காட்டினார்கள். ஆகவே அந்தக் கதவு முழுக்க அடைபடவில்லை.

இனிமேல்தான் எனக்கு ஆற்றாமை வரும் இடம். முழு எடை எதற்கு? மூன்றில் ஒரு பங்கு போதுமென்றால் சக்கரத்தின் அளவும் செலவும் சரேலென்று குறையும். 1952இல் ராக்கெட் பொறியாளர் வெர்னர் வான் பிரவுன் வரைந்த சக்கரம் அப்படிப்பட்டதுதான்: 76 மீட்டர் விட்டம், நிமிடத்துக்கு மூன்று சுற்று, மூன்றில் ஒரு பங்கைவிடக் கொஞ்சம் கூடுதலான எடை. செவ்வாயின் ஈர்ப்பும் அதே அளவுதான். அது எலும்புக்குப் போதுமா என்று கேட்டால் இன்றுவரை யாரிடமும் பதில் இல்லை. எடையே இல்லாவிட்டால் இடுப்பெலும்பு மாதத்துக்கு 1 முதல் 1.5 சதவீதம்வரை கரைகிறது என்று தெரியும். அதைத் தடுக்கத்தான் நிலையத்தில் தினமும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் உடற்பயிற்சிக்கு ஒதுக்குகிறார்கள். முழு எடையில் என்ன ஆகிறது என்பது நாம் எல்லோரும் அறிந்தது. நடுவில் இருப்பதுதான் தெரியாது. நிலவில் ஆறில் ஒரு பங்கு ஈர்ப்பில் நடந்தவர்கள் 12 பேர். அதிகபட்சம் மூன்று நாளும் சொச்சமும் தங்கினார்கள், அதில் எலும்புக்கு என்ன தெரியும்?

இதைக் கண்டுபிடிக்கவே நிலையத்தின் திட்டத்தில் ஒரு பகுதி இருந்தது. எலிகளையும் செடிகளையும் விரும்பிய ஈர்ப்பில் வைத்து வளர்க்க, இரண்டரை மீட்டர் விட்டமுள்ள சுழலியோடு ஜப்பான் அதைக் கட்டிக்கொண்டிருந்தது. செலவு கூடியது, விண்ணோட விமானங்களின் பயணங்கள் குறைந்தன, 2005இல் கைவிட்டார்கள். அதன் வெற்றுக் கூட்டை ட்சுகுபா விண்வெளி மைய வளாகத்தில், வெட்டவெளியில், காட்சிக்கு வைத்திருக்கிறார்கள். பணம்தான் காரணமா என்று கேட்டீர்களே, இங்கே ஆமாம். இத்தனை பெரிய நிலையத்தைக் கட்டிவிட்டு அதன் மிக அவசியமான கருவியை வேண்டாமென்றது எனக்கு இன்னமும் புரியாத சிக்கனம்.

ஜப்பானியர்கள் விடவில்லை. நிலையத்தில் உள்ள தங்கள் கிபோ ஆய்வுக்கூடத்துக்குள் அடங்கும் ஒரு சின்னச் சுழலியை 2016இல் இயக்கினார்கள். 12 எலிகள், 35 நாள். ஆறு மிதந்தன, ஆறு பூமியின் எடையோடு சுழன்றன. சுழன்றவற்றின் எலும்பு தேயவில்லை. அடுத்து நிலவின் எடையில் வைத்துப் பார்த்தார்கள். கெண்டைக்கால் தசை மெலியவில்லை, ஆனால் தசையிழைகளின் வகை, மிதக்கும் எலிகளுக்கு மாறியதைப் போலவே, மாறிவிட்டது. எலி மனிதன் இல்லைதான். ஆனாலும் ‘கொஞ்சம் ஈர்ப்பு போதும்’ என்று மொத்தமாகச் சொல்லிவிட முடியாது, உடலின் ஒவ்வொரு பாகமும் வெவ்வேறு அளவு கேட்கக்கூடும் என்று தெரிகிறது.

முழுக் கலத்துக்குப் பதிலாகப் படுக்கையை மட்டும் சுற்றலாம் என்றொரு யோசனையும் இருக்கிறது. 2019இல் ஜெர்மனியின் கொலோனில் எடையற்ற நிலையின் பாதிப்பைத் தரையிலேயே உண்டாக்க 24 பேரை 60 நாள் தலை தாழ்வாகப் படுக்கவைத்து, அவர்களில் மூன்றில் இரண்டு பங்கினரைத் தினமும் அரைமணி நேரம் சுழற்றினார்கள். தசை வலுவைக் காக்க அது போதவில்லை.

இப்போது பந்து. வான் பிரவுனின் சக்கரத்திலேயே விளையாடுவோம். நெஞ்சுயரத்தில், ஒன்றரை மீட்டரிலிருந்து, பந்தைச் சும்மா கைவிட்டால் அது காலடியில் விழாது. சுழற்சிக்கு எதிர்ப்பக்கமாகக் கிட்டத்தட்ட ஒரு அடி தள்ளி விழும். ஆரம் 224 மீட்டரானால் விலகல் 12 சென்டிமீட்டர்தான். முழு எடையோடு சுழலும் 6 மீட்டர் ஆரமுள்ள குட்டிச் சக்கரத்திலோ ஏறத்தாழ ஒரு மீட்டர். அங்கே கேட்ச் பிடிப்பதைப் புதிதாகத்தான் கற்க வேண்டும்.

வேடிக்கை வேறொன்று. வான் பிரவுன் சக்கரத்தின் நடைபாதையில், சுழற்சிக்கு எதிராக மணிக்கு 41 கிலோமீட்டர் வேகத்தில் எறிந்தால் (உங்கள் மகளாலேயே முடியும்) பந்தின் வேகமும் சக்கரத்தின் வேகமும் கழிந்துபோகும். பந்து எடையை இழந்து, தரை தொடாமல் நடைபாதை முழுக்கப் போய், 20 நொடியில் எறிந்தவரின் பின்னால் வந்து சேரும். காற்று இல்லாவிட்டால்தான் இது. காற்றும் சக்கரத்தோடு சுழல்வதால் பந்தை இழுத்துக் கீழே இறக்கிவிடும். கிரிக்கெட் பந்து நாலைந்து நொடியில், கால் சுற்றுக்குள் தரை தட்டும் என்பது என் தோராயக் கணக்கு. குண்டெறிதலில் ஆண்கள் எறியும் ஏழேகால் கிலோ இரும்புக் குண்டானால் அநேகமாக முழுச் சுற்றும் வந்துவிடும். எறிந்தவர் முதுகைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.