‘அக்கா’ என்றவர் ‘மேடம்’ என்றார்

கேள்வி: எங்களுக்குப் பாளையங்கோட்டையில் சொந்த வீடு. மாடி போர்ஷன் காலியானதும் டு-லெட் போர்டு மாட்டினோம். மேலப்பாளையத்திலிருந்து ஒரு முஸ்லிம் குடும்பம் வந்து பார்த்தது. அந்தப் பெண் பள்ளியில் டீச்சர், கணவர் மொபைல் கடை வைத்திருக்கிறார், நாலு வயதில் ஒரு பெண் குழந்தை. எனக்குப் பிடித்துப்போய் ஐயாயிரம் ரூபாய் அட்வான்ஸும் வாங்கிவிட்டேன். சாயங்காலம் என் கணவர் வந்து, “அவங்களுக்கா கொடுத்தே? தெருவுல நாலு பேரு என்ன சொல்லுவாங்க? மேட்ச் அன்னைக்கு எந்த நாட்டுக்குக் கை தட்டுவாங்களோ” என்றார். பக்கத்து வீட்டு மதினியும் அதையேதான் சொன்னார். மறுநாள், “எங்க அண்ணன் குடும்பம் வருது” என்று பொய் சொல்லிப் பணத்தை ஜிபேயில் திருப்பிவிட்டேன். வந்த அன்று வாய் நிறைய ‘அக்கா’ என்றவர், “சரிங்க மேடம், பரவாயில்லை” என்று பதில் அனுப்பியிருந்தார். எட்டாவது படிக்கும் என் மகன், “மாமா எப்பம்மா வர்றாங்க?” என்று தினமும் கேட்கிறான். நாங்கள் மதவெறி பிடித்தவர்கள் இல்லை. என் கணவரின் நெருங்கிய நண்பரே ஒரு பாய்தான். எங்கள் வீட்டில் யாரைக் குடிவைப்பது என்பது எங்கள் விருப்பம்தானே? நான் செய்தது தப்பா?

— பெயர் வேண்டாம், பாளையங்கோட்டை

பதில்:

அன்புள்ள தங்கைக்கு,

தப்புதான். அது உங்களுக்கும் தெரிந்திருக்கிறது. தெரியாதவராக இருந்தால் ‘அக்கா’ ‘மேடம்’ ஆனதைக் கவனித்திருக்க மாட்டீர்கள், எனக்கு எழுதியிருக்கவும் மாட்டீர்கள். அந்தப் பெண் டீச்சர். பிள்ளைகள் சொல்லும் பொய்யை நாள் முழுக்கக் கேட்பவர். நீங்கள் சொன்னது அவருக்குப் புரியாமல் போயிருக்காது.

உங்கள் விருப்பம்தானே என்று கேட்டிருக்கிறீர்கள். மதம், இனம், சாதி, பால், பிறந்த இடம் பார்த்து யாரையும் கடையிலோ ஓட்டலிலோ பொதுக் கிணற்றிலோ தடுக்கக் கூடாது என்கிறது அரசியல் சட்டத்தின் 15வது பிரிவு. சொந்த வீட்டை வாடகைக்கு விடுவதைப் பற்றி அது எதுவும் சொல்லவில்லை. அதனால் போலீஸ் உங்கள் வாசலுக்கு வரப்போவதில்லை. ஆனால் அந்தக் குடும்பம் நாளைக்கு வேறு தெருவுக்குப் போகும். அங்கேயும் ஓர் அண்ணன் குடும்பம் வந்துவிடும். அடுத்த தெருவில் வீடு ஏற்கெனவே பேசி முடிந்திருக்கும். கடைசியில் மேலப்பாளையத்துக்குள்ளேயே வீடு பார்ப்பார்கள். அப்புறம் நாமே சொல்வோம், “அவங்க அவங்க ஏரியாவை விட்டு வெளியே வரமாட்டாங்க” என்று. இந்தப் பேச்சை நான் எத்தனையோ கல்யாண வீடுகளில் கேட்டிருக்கிறேன். வர முயன்றவர்களுக்கு நாம் சொன்ன பதிலை அங்கே யாரும் பேசுவதில்லை.

எங்கள் சித்தப்பா 1960களில் பம்பாய் தாராவியில் ஒரு தோல் கிடங்கில் கணக்கெழுதினார். நம் பக்கத்துக்காரர்கள் அங்கே நிறையப் பேர், உங்கள் சொந்தத்திலும் யாராவது இருந்திருப்பார்கள். அவருடன் அறையில் தங்கியிருந்தவர் மேலப்பாளையத்து நெசவாளர் வீட்டுப் பிள்ளை. இருவரும் வேலை முடிந்து வந்தால் சாரத்தை, அதாவது லுங்கியைக் கட்டிக்கொண்டு ஒரே அடுப்பில் சோறு பொங்குவார்கள். 1966ல் சிவசேனை தொடங்கிய பிறகு, மதராஸிகள் வேலையைப் பறிக்கிறார்கள் என்ற கூச்சல் எழுந்தது. லுங்கி கட்டியவனைத் துரத்து என்று கோஷம் போட்டார்கள். அறையின் சொந்தக்காரர் ஒருநாள் இரண்டு பேரையும் காலி செய்யச் சொல்லிவிட்டார். வாடகை பாக்கி கிடையாது, சண்டை சச்சரவும் கிடையாது. “ஊரிலிருந்து என் சொந்தக்காரங்க வர்றாங்க” என்று காரணம் சொன்னாராம்.

அந்த வரியை உங்கள் கடிதத்தில் பார்த்தபோது கொஞ்ச நேரம் எனக்கு மேலே படிக்க முடியவில்லை.

சித்தப்பா கடைசிக் காலம் வரை என்னிடம் இதைச் சொல்வார்: “ஏளா, பம்பாயில அவனும் நானும் ஒண்ணு. திருநவேலி ஸ்டேஷன்ல இறங்குனாத்தான் அவன் வேற, நான் வேற.” அங்கே ஒரே சாரம் இருவரையும் அந்நியராக்கியது. இங்கே சித்தப்பா கட்டினால் அது வெறும் சாரம். நண்பர் கட்டினால் அவர் யார் என்பதற்கு அடையாளம்.

இப்போது உங்கள் கணவர் கேட்ட கை தட்டல் விஷயத்துக்கு வருகிறேன். போன தடவை மாடியில் குடியிருந்தவர்களிடம் எந்த நாட்டுக்குக் கை தட்டுவீர்கள் என்று கேட்டீர்களா? மாசம் பிறந்தால் வாடகை வருமா, மோட்டாரைப் போட்டுவிட்டு மறந்துவிடுவார்களா என்றுதான் கவலைப்பட்டிருப்பீர்கள். ஒரு சாரார் மட்டும் வீடு கேட்டு வரும்போது நாட்டுப்பற்றையும் கையில் எடுத்துக்கொண்டு வரவேண்டும் என்றால் அது அநியாயம், தங்கச்சி. யார் குடிமகன் என்று சொல்லும் 5வது பிரிவை எடுத்துப் பாருங்கள். இங்கே குடியிருப்பது, பிறந்த இடம், பெற்றோர் பிறந்த இடம் என்றுதான் இருக்கிறது. மதம் என்ற சொல்லே அதில் கிடையாது.

முஸ்லிம் லீக் தலைவராக இருந்த காயிதே மில்லத் முகம்மது இஸ்மாயில் 1896ல் பிறந்தது உங்களுக்குப் பக்கத்தில் இருக்கிற பேட்டையில்தான். அரசியல் நிர்ணய சபையில் 1949ல் ஆட்சிமொழி விவாதம் நடந்தபோது, பழமையைத்தான் பார்ப்பது என்றால் திராவிட மொழிகளை, அதிலும் தமிழைப் பார்க்க வேண்டும் என்று எழுந்து பேசியவர் அவர். அவர் பேசிய தமிழும் தாமிரபரணித் தண்ணீர் குடித்த தமிழ்தான். ஆனால் இதைச் சொல்லும்போதே எனக்கு ஒரு தயக்கம் வருகிறது. பெரிய மனிதர் ஒருவரைக் காட்டி, பாருங்கள், இவர்களும் நல்லவர்கள்தான் என்று சொன்னால் நானும் அதே பரீட்சையைத்தான் வைக்கிறேன். மொபைல் கடைக்காரர் எந்தச் சபையிலும் பேசியிருக்க வேண்டியதில்லை. சாயங்காலம் கடையைச் சாத்திவிட்டு, வீட்டுக்கு வந்து, ஒரு டம்ளர் டீ குடித்துவிட்டுப் படுத்துக்கொள்ளும் உரிமை அவருக்கு இருக்கிறது. அதற்கு மேல் அவர் நிரூபிக்க ஒன்றும் இல்லை.

உங்கள் கணவரைக் கெட்டவர் என்று நான் நினைக்கவில்லை. நண்பர் வீட்டு நோன்புக் கஞ்சியைக் குடித்தவர், ஊர்க் கொடைக்குக் கிடா பிடிக்க மேலப்பாளையம் சந்தைக்குப் போயிருப்பவர். தனியாளாக எதிரில் நின்றால் அவருக்குப் பயமில்லை. ‘அவங்க’ என்று கூட்டமாக நினைத்தால்தான் பயம் வருகிறது. அவரிடம் வாதாடாதீர்கள். ஒன்றே ஒன்று கேளுங்கள்: “உங்க பிரண்டு வீடு தேடி வந்திருந்தா இதே பதிலைத்தான் சொல்லியிருப்பீங்களா?” அவர் பதில் சொல்லாவிட்டாலும் பரவாயில்லை, கொஞ்ச நாள் அது மனசில் கிடக்கட்டும். மதினிக்கு நீங்கள் விளக்கம் சொல்ல வேண்டியதே இல்லை. வீட்டு வரி கட்டுவது அவர் இல்லையே.

எனக்கு அதிகக் கவலை உங்கள் மகனைப் பற்றித்தான். 2023ல் நாங்குநேரியில் ஒரு மாணவனை அவனோடு படித்த பையன்களே சாதி வெறியில் வீடு புகுந்து வெட்டினார்கள். அதன் பிறகு அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024ல் அறிக்கை கொடுத்தது. பள்ளியில் சாதியைக் காட்டும் வண்ணக் கயிறு கட்டத் தடை வேண்டும் என்பதும் அதில் ஒன்று. அந்தப் பையன்களில் யாரும் அந்த வெறியைப் பள்ளிக்கூடத்தில் மட்டும் கற்றுக்கொண்டிருக்க மாட்டார்கள். சாப்பாட்டு நேரத்தில் பெரியவர்கள் பேசிக்கொள்வதைக் கேட்டுத்தான் ‘நம்ம ஆளு’ யார், ‘அவங்க’ யார் என்று தெரிந்துகொள்கிறார்கள். மாமா எப்ப வருவார் என்று உங்கள் பையன் இன்னும் கேட்கிறான் என்றால் அம்மா பொய் சொல்வாள் என்று அவனுக்கு இன்னும் தோன்றவில்லை. உண்மையை அவனிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள்.

அப்புறம் அந்தப் பெண்ணைப் போய்ப் பாருங்கள். வாட்ஸ்அப்பில் மன்னிப்பு அனுப்ப வேண்டாம், நேரில் போங்கள். “அண்ணன் யாரும் வரலை. நீங்க முஸ்லிம்னுதான் வேண்டாம்னேன், அது தப்பு” என்று சொல்லுங்கள். அழுதுவிடாதீர்கள். நீங்கள் அழுதால் உங்களைத் தேற்றும் வேலையும் அவருக்கு வந்துவிடும். வீடு இன்னும் காலியாக இருந்தால் அன்று பேசிய அதே வாடகைக்கு, புதுக் கண்டிஷன் எதுவும் போடாமல் கேளுங்கள். ஆனால் கேட்கும் முன் கணவரிடம் பேசி முடித்திருக்க வேண்டும். இரண்டாவது தடவையும் அவர்களை ஏமாற்றுவது கொடுமை. அவர்கள் வேறு வீடு பார்த்திருக்கலாம், வேண்டாம் என்று முகத்துக்கு நேரே சொல்லலாம், கதவைத் திறந்து உட்காரக்கூடச் சொல்லாமல் இருக்கலாம். என்ன சொன்னாலும் கேட்டுக்கொண்டு வாருங்கள்.

பையனையும் கூடக் கூட்டிக்கொண்டு போங்கள்.