வெறும் பேய்க்கதை

அன்புள்ள அண்ணா,

டர்பன் பக்கத்து ஃபீனிக்ஸிலிருந்து எழுதுகிறேன். ஆறு வருடமாக டிவி தொடர்களுக்குத் திரைக்கதை எழுதுகிறேன். எல்லாம் வெறும் பேய்க்கதைதான். "உருப்படியா எப்ப எழுதப்போற?" என்று அம்மா கேட்கிறாள். இதை விட்டுவிட்டு சீரியஸ் படங்களுக்குப் போவது எப்படி? ஏஜென்ட் வேண்டுமா? ஒப்பந்தத்தில் எதைக் கவனிப்பது?

ஒரு வாசகி

அன்புள்ள தங்கச்சி,

கையெழுத்துப் போடுமுன் ஒப்பந்தத்தை ஒரு வக்கீலிடம் காட்டு. ஏஜென்டைப் பற்றி இப்போது யோசிக்காதே.

'வெறும்' என்று எழுதியிருக்கிறாயே, அதைப் படித்ததும் கோபம் வந்தது. ஆறு வருடம் சோறு போட்ட தொழிலை நீயே இளப்பமாகப் பேசினால் அம்மா வேறெப்படிப் பேசுவாள்?

ஒரு வாரமாக அமெரிக்க டிவி எழுத்தாளர் ராட் செர்லிங் நினைப்பாகவே இருக்கிறேன். சீரியஸ் நாடகம் எழுதிப் பேர் வாங்கியவர் அவர். 1955-இல் மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனைக் கொன்றார்கள், கொன்றவர்கள் விடுதலையானார்கள். அதை மனதில் வைத்து மறு வருடம் டிவி நாடகம் எழுதினார். விளம்பரதாரர்கள் விடவில்லை. செத்தவன் யாரோ வெளிநாட்டுக்காரன் ஆனான், ஊர் வடக்கே நியூ இங்கிலாந்துக்குப் போனது. 1959-இல் 'ட்வைலைட் ஸோன்' என்ற அமானுஷ்யக் கதைத் தொடரைத் தொடங்கினார். 156 அத்தியாயங்களில் 92 அவர் எழுதியவை. வேற்றுக்கிரகவாசி நம்மில் ஒருவனோ என்ற பயத்தில் ஒரு தெருவே தன்னைத்தானே அடித்துக்கொள்ளும் கதை 1960-இல் வந்தது. வெறுப்பைப் பற்றி நேராகச் சொல்ல விடாததை அந்த வழியாக வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தார்.

நம் தென்னாப்பிரிக்காவுக்கு டிவி வந்ததே 1976 ஜனவரி 5-இல். அதற்கு ஆறு மாதம் முன்பே, ஐம்பது வயதில், அவர் போய்விட்டார்.

எனக்குப் பேய்க்கதை கற்றுக்கொடுத்தது ஆயா. தாத்தா செத்தது டர்பன் மேகசின் பாரக்ஸில், நகரசபையில் வேலை பார்த்த இந்தியர்களின் குடியிருப்பு அது. அப்புறம் அறுபதுகளில் அங்கிருந்தவர்களை, இந்தியர்களுக்கென்று ஒதுக்கிய சாட்ஸ்வர்த்துக்குத் தள்ளினார்கள். புரட்டாசியில் தாத்தாவுக்குப் படைக்கிற அன்று, இலை போடுமுன் ஆயா வாசலுக்குப் போவாள். முந்தானையைத் தலைக்கு இழுத்துவிட்டு, இருட்டைப் பார்த்து வழி சொல்வாள்: "வீடு மாத்திட்டாங்க. பழைய எடத்துல நிக்காத. பஸ் நிக்குற எடத்துலேருந்து மேட்டுல ஏறி வா. மூணாவது கதவு, பச்சைக் கதவு." உள்ளே பருப்பும் பூசணிக்காய்க் கறியும் ஆறிக்கொண்டிருக்கும். ஒரு தடவை சொன்னால் அவளுக்குப் போதாது, மூன்று தடவை சொல்வாள்.

என் முதல் திரைக்கதை அதுதான். இடித்த வீட்டைத் தேடி அலைகிற கிழவர். "பேய் இருக்கட்டும், வீட்டை இடிச்ச கதை எதுக்கு?" என்று ஒரு தயாரிப்பாளர் பதினோரு பக்கத்தை அடித்தார். காசு வேண்டியிருந்தது, தலையாட்டினேன். திரையில் பேய் கத்தியது, கதவு ஆடியது. ஆயா கடைசிவரை பார்த்துவிட்டு, "இது யாரைடா தேடுது?" என்றாள். என்னிடம் பதில் இல்லை. அந்தப் பதினோரு பக்கத்தில்தான் அது இருந்தது.

செர்லிங் பேய்க்குள் ஒளித்துக் கொண்டுபோனதை நான் பேயிலிருந்து பிடுங்கிப் போட்டேன். நீயும் அதைத்தான் செய்கிறாயோ என்று பயமாக இருக்கிறது. உன் தொடர்களில் வருகிற பேய்களுக்கு ஊர் உண்டா? செத்தது எந்த வீட்டில், அந்த வீடு இப்போது யார் கையில்? ஆறு வருடம் எழுதியவளுக்கு இது தெரிந்திருக்க வேண்டும்.

அம்மாவிடம் உட்கார்ந்து கேள், ஃபீனிக்ஸுக்கு முன்னால் உங்கள் வீடு எங்கே இருந்தது, அங்கே யார் யார் செத்தார்கள் என்று. எழுதி எனக்கு அனுப்பு. படிக்கிறேன் அம்மா.