ஷி எது, ட்சு எது?

ஐயா,

ஜப்பானிய மொழித்திறன் தேர்வான ஜேஎல்பிடியின் தொடக்க நிலையான என்5-க்கு நானாகவே படித்து வருகிறேன். ஜப்பானிய ஒலியெழுத்து வரிசைகள் இரண்டில் ஹிராகானா ஒருவழியாகப் பிடிபட்டுவிட்டது. மற்றதான கத்தக்கானாவில் ஷி–ட்சு (シ–ツ), ஸொ–ன் (ソ–ン) ஆகிய இரண்டு ஜோடிகளும் படுத்துகின்றன. எழுத்துப் பயிற்சி அட்டையில் தனியாகப் பார்த்தால் தெரிகிறது, சொல்லுக்குள் வந்தால் குழம்புகிறது. என்ன செய்யலாம்?

க.

அன்புள்ள க.,

அட்டைகளைக் கொஞ்ச நாள் ஓரமாக வையுங்கள். கட்டம் போட்ட நோட்டும் பேனாவும் போதும். எழுதி முடித்த உருவத்தில் இவற்றுக்குள் மயிரிழை வித்தியாசம்தான். கை போகும் திசையோ நேர் எதிர்.

ஷிக்கு இரண்டு சிறு கோடுகள் இடப்பக்கம் ஒன்றன்கீழ் ஒன்றாக வரும். நீண்ட கோடு இடது கீழ் மூலையில் தொடங்கி வலப்புறம் மேலே ஏறும். ட்சுவுக்குச் சிறு கோடுகள் உச்சியில் பக்கம் பக்கமாக நிற்கும். நீண்ட கோடு வலது மேல் மூலையிலிருந்து இடது கீழே இறங்கும். ஷியில் ஒரு சிறு கோடு குறைந்தால் ‘ன்’, ட்சுவில் குறைந்தால் ‘ஸொ’. பெரும்பாலோர் சறுக்குவது ஷியின் நீண்ட கோட்டையும் மேலிருந்து இழுப்பதால்தான். வளைவு மாறி, எழுத்து ட்சுவாகிவிடும்.

உங்களுக்கு ஹிராகானா தெரியும் என்பதால் ஒரு சுருக்குவழி. கத்தக்கானா ஷியின் மேலேயே ஹிராகானா ஷியை எழுதிப் பாருங்கள்: இடப்பக்கம் இறங்கி, கீழே வளைந்து, வலப்புறம் ஏறும் அதே பாதை. ஹிராகானா ட்சுவும் அப்படியே, உச்சியில் வலப்புறம் ஓடித் திரும்பி இறங்கும்.

படிக்கும்போது எழுத்துருவையும் கவனியுங்கள். மிஞ்சோ என்ற, கோட்டின் தடிமன் மாறும் எழுத்துருவில் நீண்ட கோடு தொடங்கும் முனை தடித்தும் முடியும் முனை மெலிந்தும் இருக்கும். திசை அங்கேயே தெரிந்துவிடும். கோதிக் என்ற எழுத்துருவில் தடிமன் ஏறக்குறைய ஒரே சீர் என்பதால் சிறு கோடுகளைத்தான் நம்ப வேண்டும். இடது ஓரங்கள் செங்குத்தாக வரிசை கட்டினால் ஷி, தலைகள் கிடையாக வரிசை கட்டினால் ட்சு. ஒற்றைச் சிறு கோடு படுத்தாற்போல் இருந்தால் ‘ன்’, நிமிர்ந்திருந்தால் ‘ஸொ’.

பழக நல்ல சொற்கள்: ஷாட்சு (சட்டை), ஷீட்சு (படுக்கை விரிப்பு), பஸொக்கொன் (கணினி). முதல் இரண்டிலும் ஷி, ட்சு இரண்டும் உண்டு. மூன்றாவதில் இரண்டாம் எழுத்து ஸொ, கடைசி எழுத்து ன். ஜப்பானியச் சொல் ‘ன்’னில் தொடங்குவதும் அபூர்வம். சாட் நாட்டுத் தலைநகர் ன்ஜமேனா போன்ற வெளிநாட்டுப் பெயர்கள் விலக்கு. சொல்லின் முதலில் வந்தால் துணிந்து ஸொ என்று படிக்கலாம்.

ஹிராகானா பிடிபட்டதாகச் சொல்கிறீர்கள். நெ, ரெ, வ மூன்றையும் ஒருமுறை சோதித்துக்கொள்ளுங்கள். இடப்பாதி ஒன்றேதான், வால்தான் வேறு: நெவில் சுழி, ரெவில் வெளியே விசிறல், வவில் உள்ளே வளைவு.

‘ஹெ’ ஹிராகானா, கத்தக்கானா இரண்டு வரிசையிலும் கிட்டத்தட்ட ஒரே வடிவம். அதைப் பிரித்துப் பார்க்க மெனக்கெட வேண்டாம், பக்கத்து எழுத்துகளே காட்டிக்கொடுத்துவிடும். தட்டச்சில் மட்டும் எச்சரிக்கை: கணினிக்கு அவை வெவ்வேறு எழுத்துகள், மாற்றி அடித்தால் தேடலில் சொல் அகப்படாமல் போகலாம்.